மூன்றாம் மாடிக் கொறங்காடு

நான்கு ஏக்கர் கொறங்காடு ஒன்று வேலியோடும் மரங்களோடும் புறப்பட்டு, இருபத்தேழு கிலோமீட்டர் வந்து, கரைப்பாளையம் அரசு ஊழியர் குடியிருப்பின் சி பிளாக்கில் மூன்று மாடி ஏறி, வருவாய் ஆய்வாளர் பஞ்சநதத்தின் வீட்டுக்குள் நுழைந்து படுத்துக்கொண்டது ஒரு வெள்ளிக்கிழமை காலையில்தான். வியாழக்கிழமை என்று சாதிப்பவர்களும் இருக்கிறார்கள், ஆனால் அவர்கள் பி பிளாக்காரர்கள், கண்ணால் பார்த்ததைவிடக் காதால் கேட்டதுதான் அவர்களுக்கு அதிகம். பஞ்சநதம் அந்த நேரத்தில் தயிர் வாங்கக் கடைக்குப் போயிருந்தார். திரும்பி வந்து கதவைத் திறந்தால், கூடம் இருக்கவேண்டிய இடத்தில் முழங்கால் உயரத்துக்குப் புல் நின்றது, புல்லுக்கு நடுவே வேல மரங்கள் நின்றன, ஒரு மரத்தடியில் அவர் வீட்டு ஃபிரிட்ஜ் வழக்கம்போல உறுமிக்கொண்டு நின்றது, வெகு தூரத்தில், நெற்றியில் கை வைத்துப் பார்த்தால்தான் தெரிகிற தூரத்தில், அடுப்படியும் அடுப்படிக்குள் அவர் மனைவி தர்மாம்பாளும் சின்னதாகத் தெரிந்தார்கள். பஞ்சநதம் ஆச்சரியப்படவில்லை. எந்தக் காடு என்று பார்த்தவுடனே அவருக்குத் தெரிந்துவிட்டது, ஏன் வந்திருக்கிறது என்பதும் தெரிந்துவிட்டது.

கொறங்காடு என்றால் என்னவென்று வெளியூர்க்காரர்களுக்குச் சொல்லியாகவேண்டும், ஏனென்றால் இந்தக் கதையே அதை ஒருவர் கேட்காமல் போனதால் வந்ததுதான். வானம் பார்த்த அந்தச் சீமையில் ஆற்றுத் தண்ணீரில் பங்கு கிடையாது, கிணற்றிலும் பெரிதாக ஒன்றும் கிடையாது. ஆகவே அங்குள்ளவர்கள் பாட்டன் பூட்டன் காலத்திலிருந்து நிலத்தைச் சுற்றிக் கிளுவையை நட்டு உயிர்வேலி கட்டி, உள்ளே வேல மரங்களை எட்ட எட்ட விட்டு, கொழுக்கட்டைப் புல்லை வளர்த்து, மாடுகளைப் பகலென்றும் இரவென்றும் பாராமல் அதற்குள்ளேயே விட்டுவைப்பார்கள். மழை பெய்து புல் தழைத்த கையோடு மாட்டை விட்டுவிட மாட்டார்கள். புல் பூத்து, விதை முற்றி, விதை மண்ணில் விழுகிற வரைக்கும் கடவை, அதாவது வேலியில் விட்டிருக்கும் வழியை, முள்படலால் சாத்திவிட்டுக் காத்திருப்பார்கள். அந்த இரண்டு மாதம் காட்டுக்குள் மாடும் தெரியாது, ஆளும் தெரியாது. பார்க்கிறவனுக்கு அங்கே ஒன்றுமே நடக்காத மாதிரி இருக்கும்.

அந்த இரண்டு மாதத்தில் பார்த்துப் போனவர் பஞ்சநதம். புறவழிச்சாலைக்கு நிலம் எடுக்கிறார்கள், எடுக்கிற நிலத்துக்கு நியாயமான இழப்பீடு போடவேண்டும், போடுவதற்கு முன்னால் யாராவது ஒருவர் நேரில் போய்ப் பார்த்து 'நிலத்தின் தன்மை' என்ற கட்டத்தில் ஒரு வார்த்தை எழுதவேண்டும். அந்த வார்த்தையைப் பிடித்துக்கொண்டுதான் மற்ற கணக்கெல்லாம் நடக்கும். பஞ்சநதம் தஞ்சாவூர்ப் பக்கத்து மனிதர். நெல் நின்றால் வயல், நெல் நிற்காவிட்டால் அவருக்கு அது வெறும் தரை. 'காடு' என்ற சொல்லையோ அவர் ஊரில் பிணம் போகிற இடத்துக்குத்தான் வைத்திருக்கிறார்கள். நிலம் இருந்த வேலாங்காட்டுவலசில் அவர் ஜீப்பை விட்டு இறங்கியபோது நிலத்துக்காரி பழனாத்தாள் வேலியோரமாக நின்றிருந்தாள். ஐம்பது வயதிருக்கும். கணவன் போய்ப் பத்து வருடம், எட்டு மாடுகளை வைத்துக்கொண்டு ஒண்டியாகக் காலம் தள்ளுகிறவள்.

"இதுல என்னம்மா போட்டிருக்கீங்க?" என்று கேட்டார் பஞ்சநதம்.

"இப்ப ஒன்னும் இல்லீங்க சார். காடு சும்மா கெடக்குதுங்க."

"எத்தனை நாளா சும்மா கெடக்கு?"

"மழை பேஞ்சதுல இருந்துங்க."

மழை பெய்ததிலிருந்து சும்மா கிடக்கிறதாம்! பஞ்சநதத்துக்குக் கோபம்கூட வந்தது. மழைக்குப் பிறகு நிலத்தைச் சும்மா போடுகிறவனுக்கு அவர் ஊரில் பெண் கொடுக்க யோசிப்பார்கள். மறுகேள்வி கேட்காமல் கட்டத்தில் 'தரிசு' என்று எழுதினார். பழனாத்தாள் வெயிலில் வந்த மனிதருக்கு ஒரு சொம்பு மோர் கொண்டுவந்து கொடுத்தாள். கெட்டியான மோர், அண்ணாந்து முழுவதையும் குடித்தார். ஒன்றும் விளையாத இடத்தில் மோர் எங்கிருந்து வந்தது என்று அவருக்குத் தோன்றவில்லை.

அதைத் தோன்றவைத்தவர் ஜீப் ஓட்டுநர், அதுவும் மூன்று வாரம் கழித்து, டீக்கடையில், சிரித்துச் சிரித்துக் கண்ணில் தண்ணீர் வர. "கொறங்காட்டப் போயித் தரிசுன்னு எழுதிப்போட்டீங்களா? அந்தப் பொம்பளைக்குச் சோறு போடறதே அதுதானுங்க சார்!" பஞ்சநதம் டம்ளரைக் கீழே வைத்துவிட்டார். கோப்பு அதற்குள் மூன்று கையெழுத்து வாங்கி மேலே போயிருந்தது. தரிசுக்குப் போடுகிற விலை விளைநிலத்து விலையில் மூன்றில் ஒரு பங்கு. திருத்தவேண்டுமென்றால் 'நான் தவறாக எழுதினேன்' என்று எழுதிக் கொடுக்கவேண்டும், எழுதிக் கொடுத்தால் விளக்கம் கேட்டு மெமோ வரும், துணை வட்டாட்சியர் பதவி உயர்வுப் பட்டியலிலோ அவர் பெயர் நான்காவதாக இருந்தது. இன்றைக்குச் சொல்லலாம், நாளைக்குச் சொல்லலாம் என்று இருந்தார். அப்படி இருந்தே நிலத்துக்காரர்களை அழைத்துக் கேட்கும் விசாரணை நாளும் வந்துவிட்டது. தனி வட்டாட்சியர் ஒவ்வொரு நிலமாக வாசித்து, ஆட்சேபணை உண்டா என்று கேட்டுக்கொண்டே வந்தார். பழனாத்தாள் முறை வந்ததும் அவள் எழுந்து, பஞ்சநதம் இருந்த பக்கம் கையைக் காட்டி, "ஆபீசரு நேர்ல வந்து பாத்து எழுதுனதுங்க. செரியாத்தானுங்க இருக்கும்" என்று சொல்லிவிட்டு உட்கார்ந்தாள். பஞ்சநதம் தன் பேனா மூடியை அத்தனை அக்கறையாக அதற்கு முன்னால் பார்த்ததில்லை. அது புதன்கிழமை. காடு வந்தது வெள்ளிக்கிழமை.

மனிதர் முதலில் செய்தது அளந்து பார்த்ததுதான். சர்வேயரிடம் சங்கிலி இரவல் வாங்கிவந்து, வெளியே சுவர் சுவராக அளந்தார், அறுநூற்று நாற்பது சதுர அடி. உள்ளே வேலி வேலியாக அளந்தார், நான்கு ஏக்கர். இரண்டாவது தரம் அளந்தார், அதேதான். சங்கிலியைத் திருப்பிக் கொடுத்துவிட்டார்.

சி பிளாக் காட்டை ஏற்றுக்கொண்ட விதத்தைச் சொல்லவேண்டும். முதல் நாள் எல்லோரும் வந்து பார்த்தார்கள், இரண்டாம் நாள் குறை சொன்னார்கள், மூன்றாம் நாள் அனுபவிக்க ஆரம்பித்தார்கள். கீழ்வீட்டுப் பொதுப்பணித்துறை உதவிப் பொறியாளர் சுகுமாரன் தன் கூரையில் விரிசல் விழும் என்று பயந்து, உத்தரத்தையெல்லாம் தட்டிப் பார்த்து, "கட்டடம் தாங்குது சார், ஆனா எழுத்துல மட்டும் கேட்டுடாதீங்க" என்றார். குடியிருப்போர் சங்கம் பொதுக்குழுவைக் கூட்டி, பராமரிப்புத் தொகையை அறுநூற்று நாற்பது சதுர அடிக்கு வாங்குவதா நான்கு ஏக்கருக்கு வாங்குவதா என்று இரண்டு மணி நேரம் சண்டை போட்டு, காடு விருந்தாளியாக வந்திருப்பதால் விருந்தாளிக்கு வசூல் இல்லை என்று தீர்மானம் போட்டது. டாக்டர் நடக்கச் சொல்லியும் நடக்காத சர்க்கரைக்காரர்கள் சாயங்காலம் மூன்று மாடி ஏறிவந்து வேலியோரமாக நடந்தார்கள். மின்சாரக் கணக்கெடுக்க வந்தவர் மீட்டரைத் தேடி நடந்து, வழி தவறி, பசியெடுத்து, தர்மாம்பாள் கையால் சாப்பிட்டுவிட்டுப் போனார். பால்கனிக் கம்பியில் கௌதாரி உட்கார்ந்து கத்தியது. வேலாங்காட்டுவலசில் மழை பெய்தால் மட்டும் வீட்டுக்குள் மழை பெய்தது, கீழே காயப்போட்ட துணியில் ஒரு சொட்டு விழவில்லை என்று ஏ பிளாக் பெண்கள் பெருமூச்சு விட்டார்கள். தர்மாம்பாள் காபி போட்டுக் கூடத்துக்கு எடுத்துவருவதற்குள் அது ஆறிப்போனது, ஆகவே பஞ்சநதம் அடுப்படிக்கே நடந்துபோய்க் குடிக்கப் பழகிக்கொண்டார்.

வேலாங்காட்டுவலசில் காடு இருந்த இடத்தில் காடு மாதிரியே ஒன்று இருக்கத்தான் செய்தது. அளவுக்கல் நட்டிருந்தார்கள், கல்லில் சிவப்புச் சாயம் அடித்திருந்தார்கள், இயந்திரங்கள் வந்து மண்ணைத் தள்ளின. ஆனால் அந்த மண்ணில் ஒரு புல் முளைக்கவில்லை, ஒரு மாடு அதை மோந்து பார்க்கவில்லை. ஊர்க்காரர்கள் யாரும் அலட்டிக்கொள்ளவில்லை. வெலை செரியாத் தீரலீங்க, அதுதான் காடு போவ மனசில்லாம யாரூட்லயோ போயி உக்காந்திருக்குது என்று பேசிக்கொண்டார்கள். யார் வீட்டில் என்பதைப் பழனாத்தாளிடம் சொன்னவர்களும் அவர்கள்தான்.

பத்தாம் நாள் அவள் வந்தாள். இரண்டு நாள் நடந்து, சாம்பல் நிறத்தில் ஒரு மயிலைப் பசுவைக் கயிற்றில் பிடித்துக்கொண்டு, மூன்று மாடியும் அதைத் தட்டிக்கொடுத்து ஏற்றிக்கொண்டு வந்தாள். காடு போனபிறகு மேய்க்க இடமில்லாமல் எட்டில் ஏழு மாட்டை விற்றுவிட்டாளாம், இது ஒன்றை மட்டும் விற்கக் கை வரவில்லையாம். வாசல் கதவைப் பார்த்ததும் அவளுக்கு முகம் சுருங்கியது.

"ஏனுங்க சார், கடவை இப்படித் தெறந்து போட்டிருக்கீங்களே!" என்று கதவை உள்ளே இழுத்துச் சாத்தினாள். அப்புறம் காட்டைச் சுற்றி ஒரு நடை போய்வந்தாள். ஒவ்வொரு மரத்தையும் தொட்டாள், புல்லைக் கிள்ளி வாயில் வைத்து மென்று பார்த்தாள். பஞ்சநதம் கைகளைக் கட்டிக்கொண்டு, திட்டட்டும், கத்தட்டும், முகத்தில் காறித் துப்பினால்கூடத் தேவலை என்று நின்றிருந்தார்.

"விதை உளுந்துருச்சுங்க. இனி மாட்ட வுடலாம்" என்றாள். பிறகு, "எங்க காட்ட நல்லாப் பாத்துக்கிட்டீங்க. உங்களுக்குப் புண்ணியமாப் போவும்" என்றாள்.

அந்த ஒரு வார்த்தை அவரை அறுத்தது. அவள் பசுவை விட்டுவிட்டுப் போனாள், தினமும் காலை முதல் பஸ்ஸில் பால்கேனோடு வந்து கறந்தாள். இடம் கொடுத்தவர்களுக்கு வாரப் பங்கு கொடுக்காமல் மேய்க்கிற வழக்கமில்லை என்று தர்மாம்பாள் எத்தனை மறுத்தும் கேட்காமல் தினம் அரை லிட்டர் அளந்து ஊற்றினாள். அவள் நிலத்தில், அவள் புல்லில், அவள் மாடு கறந்த பாலை அவளே வாடகையாக ஊற்ற, அதில் போட்ட காபி தினமும் பஞ்சநதத்தின் கைக்கு வந்தது. பால் விடாத கட்டன்காபி போதும் என்றார். சாதத்துக்குத் தயிர் வேண்டாம் என்றார். ஒரு மாதத்தில் சட்டை தொளதொளவென்று ஆனது.

பெண்டாட்டிக்குத் தெரியாமல் எத்தனை நாள் போகும்? "இந்தப் பிளாக்கில இத்தனை வீடு இருக்கு, தாசில்தார் வீடு நம்மளைவிடப் பெரிசு. நம்ம வீட்டுக்கு மட்டும் ஏங்க வந்துச்சு?" என்று ஒரு நாள் கேட்டாள் தர்மாம்பாள். அவர் அடுப்படி வாசலில் உட்கார்ந்து எல்லாவற்றையும் சொன்னார். சும்மா என்று பழனாத்தாள் சொன்னது, தரிசு என்று இவர் எழுதியது, டீக்கடையில் தெரிந்தது, தெரிந்தபிறகும் வாயைத் திறக்காதது. தர்மாம்பாள் கையிலிருந்த கரண்டியைக் கீழே வைத்தாள்.

"அந்த அக்கா பாலைக் குடிச்சுக்கிட்டா இதைச் சொல்றீங்க?" என்றாள்.

"நான் குடிக்கலை தர்மு."

"நான் குடிச்சேனே. எனக்கும் சேர்த்து இல்ல பாவத்தை வாங்கி வச்சிருக்கீங்க. திருத்தி எழுதிக் கொடுங்க."

"எழுதினா மெமோ வரும். லிஸ்டுல பேர் போயிடும்."

"போனாப் போகுது."

"விலை சரியாயிட்டா இந்தக் காடும் போயிடும். இங்க நிக்கிறதுக்கு அதுக்கு வேற காரணம் இல்லை."

தர்மாம்பாள் தூரத்தில், மரநிழலில், கண்ணை மூடி அசைபோட்டுக்கொண்டிருந்த மயிலைப் பசுவைப் பார்த்தாள். "அப்ப மாடு?" என்று கேட்டாள்.

"அவங்களுக்கு மூணு பங்கு விலை வரும்" என்றார் பஞ்சநதம். கேட்டதற்கு அது பதிலில்லை என்று அவருக்கும் தெரியும். ஆனால் அந்த நேரத்தில் அவருக்கு வேண்டியிருந்தது ஒரு வாய் காபி நிம்மதியாகக் குடிப்பது, ராத்திரி படுத்தால் தூங்குவது, அவ்வளவுதான்.

திங்கட்கிழமை அறிக்கை எழுத உட்கார்ந்தபோதுதான் தெரிந்தது, கொறங்காட்டுக்கு அரசாங்கத்தில் வார்த்தையே கிடையாது. நஞ்சை உண்டு, புஞ்சை உண்டு, தரிசு உண்டு. மேய்ச்சல் என்று ஒன்று உண்டு, ஆனால் மேய்ச்சல் என்றால் அது ஊர்ப்பொது நிலம், புறம்போக்கு, சல்லிக்காசு கிடையாது. அதை எழுதியிருந்தால் உள்ளதும் போயிருக்கும். ஒரு நாள் முழுக்க உட்கார்ந்து, அடித்து, கிழித்து, கடைசியில் எழுதினார்: 'மேற்படி நிலம் தரிசு அல்ல, நான் தவறாக எழுதிவிட்டேன், அது பயிரிடப்பட்ட புஞ்சை, பயிர்: கொழுக்கட்டைப் புல்.' தனி வட்டாட்சியர் அதை இரண்டு தரம் படித்து, கண்ணாடியைக் கழற்றினார். "புல்லு பயிராய்யா? உம்ம தலையில நீரே மண்ணை அள்ளிப் போட்டுக்கிறீரே" என்றார். ஆனால் நல்ல மனிதர், மேலே அனுப்பிவைத்தார்.

மேலே போனது திரும்பிவர நாற்பது நாள் ஆனது. நாற்பது நாளும் பழனாத்தாள் காலையில் வந்தாள், கறந்தாள், அரை லிட்டர் ஊற்றினாள், தர்மாம்பாளோடு உட்கார்ந்து வெற்றிலை போட்டாள், முதுகு வலியைப் பற்றியும் பஸ்காரன் சில்லறை தராததைப் பற்றியும் பேசினாள். புதிதாக ஒரு கன்று வாங்கிவிடலாமா என்றுகூட ஒரு நாள் வாய்விட்டு யோசித்தாள். "காடு எங்க இருந்தா என்னங்க அம்மணி, புல்லு இருக்குதல்லோ" என்றாள். அப்போது பஞ்சநதம் பக்கத்தில்தான் நின்றிருந்தார். சொல்லிவிடலாம் என்று வாய் வரைக்கும் வந்தது. ஆனால் நல்ல செய்தியை உத்தரவு கையில் வந்தபிறகு சொல்லவேண்டும், அவள் முகம் மலர்வதைப் பார்க்கவேண்டும், அன்றைக்கு அவள் கையால் ஒரு சொம்பு மோர் வாங்கிக் குடிக்கவேண்டும் என்று ஓர் ஆசை வைத்திருந்தார். மெமோ முதலில் வந்தது. பட்டியலிலிருந்து பெயர் போனது. அவருக்குக் காய்ச்சல் விட்ட மாதிரி இருந்தது, அலுவலகத்தில் எல்லோருக்கும் மிக்சர் வாங்கிக் கொடுத்தார், மனுஷனுக்குப் புத்தி பிசகிவிட்டது என்றார்கள். ஒரு வியாழக்கிழமை மதியம் திருத்திய இழப்பீட்டு உத்தரவில் கையெழுத்து விழுந்தது. அதன் நகலை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு, வீட்டில்கூடக் காட்டாமல், படுத்துத் தூங்கினார். அத்தனை நாளில் அன்றைக்குத்தான் நன்றாகத் தூங்கினார்.

காலையில் எழுந்தபோது மொசைக் தரை குளிர்ந்து கிடந்தது. சுவர்கள் நான்கும் பக்கத்தில் வந்து நின்றிருந்தன, ஃபிரிட்ஜ் மூலையில் இருந்தது, கையை நீட்டினால் அடுப்படி. ஒரு புல், ஒரு வேலங்காய், ஒரு பிடி மண் இல்லை. கூடத்துக்கு நடுவில் மயிலைப் பசு மட்டும் நின்றிருந்தது. குளம்பு வழுக்கும் என்ற பயத்தில் நான்கு கால்களையும் அகட்டி, அசையாமல், சோபாவைப் பார்த்துக்கொண்டு நின்றது. தர்மாம்பாள் சுவரோடு சாய்ந்து, முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

ஏழரைக்குப் பழனாத்தாள் வந்தாள். எப்போதும்போலச் செருப்பை வெளியே விட்டு, கதவைத் திறந்து, உள்ளே ஒரு கால் வைத்தவள் அப்படியே நின்றாள்.

"அம்மா, வாங்க வாங்க" என்றார் பஞ்சநதம். சட்டைப் பையிலிருந்து காகிதத்தை எடுத்தார். "உங்க நிலத்துக்கு விலையைத் தப்பாப் போட்டிருந்துச்சு. தப்பு என்னோடதுதான். தரிசுன்னு எழுதிட்டேன். எல்லாத்தையும் திருத்தியாச்சு. மூணு பங்கும்மா! நியாயமா என்ன வரணுமோ அது முழுசா வந்துடுச்சு."

பழனாத்தாள் காகிதத்தை வாங்கவில்லை. தரையைப் பார்த்தாள். குனிந்து உள்ளங்கையால் தடவிப் பார்த்தாள்.

"செரியான வெலை போட்டதுனால போயிருச்சுங்களா?"

"ஆமாம்மா."

"போயிருமுன்னு உங்களுக்கு முன்னாடியே தெரியுமுங்களா?"

பஞ்சநதம் ஆமாம் என்று தலையாட்டினார்.

அவள் கோபப்படவில்லை, குரலைக்கூட உயர்த்தவில்லை. "நானு தெனமும் இங்க வந்துட்டுத்தானுங்களே இருந்தேன்" என்றாள். "காடு வோணுமா வெலை வோணுமான்னு எங்கிட்ட ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமுங்க."

பஞ்சநதம் காகிதத்தை மடித்தார். முதல் தடவை கேட்காமல் எழுதியதற்காகத்தான் இத்தனை நாள் வெந்துகொண்டிருந்தார். அந்த வேக்காடு தீரவேண்டும் என்ற அவசரத்தில் இரண்டாம் தடவையும் கேட்காமலேதான் எழுதியிருக்கிறார். மெமோ வாங்கியபோது வந்த சந்தோஷத்தை நினைக்க அவருக்குக் கூசியது.

பசுவைக் கீழே இறக்க ஒரு மணி நேரம் ஆனது. ஏறத் தெரிந்த மாடு இறங்கமாட்டேன் என்றது. சுகுமாரன் படியெல்லாம் சாக்கு விரித்தார், தர்மாம்பாள் முன்னால் கீரைக்கட்டைக் காட்டிக்கொண்டு ஒவ்வொரு படியாக இறங்கினாள், பழனாத்தாள் கயிற்றைப் பிடித்துக்கொண்டு அதன் காதில் என்னவோ சொல்லிக்கொண்டே வந்தாள், பஞ்சநதம் தோளைக் கொடுத்துப் பின்பாரத்தைத் தாங்கினார். ஒவ்வொரு மாடியிலும் கதவு திறந்து பார்த்தார்கள். வாசலில் வெயில் வந்திருந்தது. பசு தரையில் கால் பட்டதும் உடம்பை ஒரு முறை சிலிர்த்துக்கொண்டது. பழனாத்தாள் கயிற்றைக் கையில் இரண்டு சுற்றுச் சுற்றி, தெருவின் இந்தக் கோடியையும் அந்தக் கோடியையும் பார்த்தாள்.

"நான் கூட வந்து கொண்டுபோய் விடட்டுமாம்மா?" என்றார் பஞ்சநதம்.

அவள் அவர் முகத்தைப் பார்த்தாள்.

"எங்கீங்க?" என்றாள்.